இல்லத்துக்கு ஒரு பாட்டு வேண்டும்

பொழுது இன்னதென்று அறிந்துகொள்ள மனிதன் எந்நாளும் ஓசையைத்தான் நாடியிருக்கிறான். கடிகாரம் இல்லாத காலத்தில் கோழி கூவியது. கோயில் மணி ஒலித்தது. ஆலைகள் வந்த பிறகு சங்கு ஊதியது. திருவள்ளூரிலும் கும்மிடிப்பூண்டியிலும் வாழும் நம் மக்களுக்கு இவ்வோசைகள் எல்லாமே பழக்கமானவை. சிப்காட் ஆலைகளின் ஷிப்டு மாறும் சந்தடி ஒருபுறம். சென்னைக்குச் செல்லும் மின்தொடர் வண்டியின் ஊதல் மறுபுறம். இவற்றுக்கு நடுவே ஆலயத்தின் மூவேளை மணி. ஏறத்தாழ இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன்னர் இன்னோர் ஓசையும் நம் தெருக்களில் நேரங்காட்டத் தொடங்கிற்று. தொலைக்காட்சித் தொடரின் முகப்புப் பாடலே அது.

1999-ஆம் ஆண்டின் இறுதியில் சன் தொலைக்காட்சியில் 'சித்தி' என்னும் தொடர் தொடங்கிற்று. நடிகை ராதிகாவின் நிறுவனம் தயாரித்து, அவரே தலைமைப் பாத்திரம் ஏற்ற அத்தொடர், 2001 நவம்பர் வரை வார நாள்களில் இரவுதோறும் வந்தது. முகப்புப் பாடலை எழுதியவர் கவிஞர் வைரமுத்து, இசையமைத்தவர் தினா, பாடியவர், இசைப் பேரறிஞர் டி. கே. பட்டம்மாளின் பேத்தி நித்யஸ்ரீ மகாதேவன். அந்த வேளையில் தெருவின் ஒரு கோடியில் நடக்கத் தொடங்கியவர், எந்த வீட்டுக்குள்ளும் நுழையாமலே, மறு கோடியை அடைவதற்குள் பாட்டு முழுவதையும் கேட்டு முடித்திருப்பார் என்று அக்காலத்தை அறிந்தவர்கள் இன்றும் சொல்வார்கள். 2002 ஏப்ரலில் 'மெட்டி ஒலி' வந்தது. ஐந்து பெண்மக்களைப் பெற்ற ஒரு தந்தையின் கவலைகளைச் சொன்ன கதை, திருமுருகன் இயக்கியது. அதன் முகப்புப் பாடலுக்கும் தினாவே இசை. அப்பாடலுக்கு ஆடிய நடனக் கலைஞரை 'மெட்டி ஒலி' சாந்தி என்றே ஊர் இன்றளவும் அழைக்கிறது.

"தொடர்ப் பாட்டைப் பற்றிப் பேசச் சாமியாருக்கு என்ன வந்தது?" என்று வாசகர் சிலர் வியக்கலாம். வியப்பு நியாயமானதே. ஆயினும் நம் இல்லங்களில் மாலைச் செபம் மங்கிய கதையைப் பேசும்போதெல்லாம் தொலைக்காட்சித் தொடரைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துவது வழக்கமாகிவிட்டது. குற்றம் சாட்டுமுன், அந்தப் பாட்டு ஓர் இல்லத்துக்கு எதைக் கொடுத்தது என்பதை ஆராய்ந்து பார்ப்பது நமக்குப் பயன் தரும்.

பாட்டு வந்த வழி

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15-ஆம் நாள் தொடங்கிற்று. அந்நாளில் தொலைக்காட்சிப் பெட்டி செல்வர் வீட்டுப் பொருள். வெள்ளிக்கிழமை மாலையில் 'ஒலியும் ஒளியும்' நிகழ்ச்சிக்கு அண்டை வீட்டார் கூடுவார்கள். திண்ணையும் சன்னலும் நிறையும். அங்கு ஒலித்தவை திரைப்படப் பாடல்களே. தொலைக்காட்சிக்கென்றே பிறந்த பாட்டு நம் நாட்டில் வேரூன்றியது அதன் பின்னர்தான்.

1984 ஜூலையில் தூர்தர்ஷன் 'ஹம் லோக்' என்னும் இந்தித் தொடரைத் தந்தது. ஒரு நடுத்தரக் குடும்பத்தின் இன்பதுன்பங்களை நாடே பின்தொடர்ந்தது. ஒவ்வொரு பகுதியின் முடிவிலும் முதுபெரும் நடிகர் அசோக்குமார் தோன்றி, குடும்பத்துப் பெரியவர்போல இரண்டு சொல் சொல்லிச் செல்வார். 1987 ஜனவரியில் ராமானந்த சாகரின் 'ராமாயண்' தொடங்கிற்று. பிறவியிலேயே பார்வையற்ற இசையமைப்பாளர் ரவீந்திர ஜெயின் அதற்கு இசை தந்தார். இந்தி அறியாத தமிழ் வீடுகளிலும் ஞாயிறு காலையில் அந்த இசை கேட்டதும் அடுக்களையில் இருந்தவர் கூடத்துக்கு வந்தனர். ஞாயிறு பூசை நேரத்தை அத்தொடருக்கேற்ப மாற்றலாகாதா என்ற பேச்சுகூடப் பங்குகளில் எழுந்த காலம் அது!

1993 ஏப்ரல் 14-ஆம் நாள் சன் தொலைக்காட்சி பிறந்தது. தனியார் அலைவரிசைகள் பெருகின. வாரத்துக்கு ஒரு நாள் என்றிருந்த தொடர், வாரத்துக்கு ஐந்து நாள் என்றாயிற்று. 2006-க்குப் பின் அரசே வண்ணத் தொலைக்காட்சிப் பெட்டியை இலவசமாக வழங்கியது. ஓட்டு வீட்டிலும் ஓலை வீட்டிலும் பெட்டி வந்து அமர்ந்தது. ஏழையும் செல்வரும் ஒரே வேளையில் ஒரே பாட்டைக் கேட்டனர்.

பாட்டின் வலிமை எதில் இருந்தது?

இசையின் இனிமையில் என்று எளிதாகச் சொல்லிவிடலாம். அதைவிட இனிய பாடல்கள் எத்தனையோ கேட்பாரற்றுப் போயின. முகப்புப் பாடலுக்கு வேறு மூன்று வலிமைகள் இருந்தன.

முதலாவது, திரும்பத் திரும்ப வருதல். 'மெட்டி ஒலி' எண்ணூறு பகுதிகளுக்கு மேல் ஓடிற்று. 2003 நவம்பரில் தொடங்கி 2009 டிசம்பரில் முடிந்த 'கோலங்கள்' ஆயிரத்து ஐந்நூறு பகுதிகளைத் தாண்டிற்று. நம் ஆலயத்தில் ஒரு பாடலை ஞாயிறுதோறும் தவறாமல் பாடினாலும் ஆண்டுக்கு 52 முறைதான் ஆகும். எண்ணூறு முறை பாடப் பதினைந்து ஆண்டுகள் வேண்டும். தொடர்ப் பாட்டோ அந்த எண்ணிக்கையை நான்கு ஆண்டுகளுக்குள் எட்டிவிட்டது. எழுத்தறியாப் பாட்டியும் பள்ளி செல்லாக் குழந்தையும் அதை மனப்பாடம் செய்ததில் வியப்பென்ன?

இரண்டாவது, நேரந்தவறாமை. அந்தப் பாட்டு நாம் விரும்பிய வேளையில் வரவில்லை. அது வரும் வேளைக்கு நாம் காத்திருந்தோம். சோறு வடித்து, பாத்திரம் கழுவி, பிள்ளையின் வீட்டுப்பாடத்தை முடிக்கச் சொல்லி, அந்த மணிக்குள் வேலையெல்லாம் ஒழுங்குபட்டது.

மூன்றாவது, சேர்ந்திருத்தல். வீட்டில் பெட்டி ஒன்று, பார்ப்பவர் பலர். மாமியாரும் மருமகளும் பேசிக்கொள்ளாத நாளிலும் ஒரே பாயில் அமர்ந்து ஒரே பாட்டைக் கேட்டனர்.

குறித்த நேரம், திரும்பச் சொல்லல், கூடியிருத்தல் ஆகிய இம்மூன்றும் நமக்குப் புதியவையா? செபமாலையை நினைத்துப் பாருங்கள். ஒரே மங்கள வார்த்தையை ஐம்பது முறை சொல்கிறோம். மாலை விளக்கேற்றிய வேளையில் சொல்கிறோம். பெரியவர் முன்மொழியப் பிள்ளைகள் பின்மொழியச் சொல்கிறோம். தொலைக்காட்சியார் கண்டுபிடித்ததாக நினைத்த வழி, திருச்சபையின் தாய்மார்கள் தலைமுறை தலைமுறையாக நடந்த வழிதான்.

ஷிப்டு வீடுகளின் தனிமை

நம் பகுதியில் இப்பாட்டுகளுக்கு வேறொரு பணியும் இருந்தது. கும்மிடிப்பூண்டி சிப்காட், திருவள்ளூரை அடுத்த காக்களூர்த் தொழிற்பேட்டை, தேர்வாய் கண்டிகை என வரிசையாக ஆலைகள் நிற்கும் நிலம் இது. ஆலை மூன்று ஷிப்டாக ஓடும்; வீடும் அதற்கேற்பத் துண்டுபடும். கணவர் இரவு ஷிப்டுக்குக் கம்பெனி பஸ்ஸில் ஏறுவார். மனைவி கைக்குழந்தையோடு வாடகை அறையில் தங்குவார். தென்மாவட்டங்களிலிருந்து வந்து குடியேறியவர்களுக்கு இங்கே பாட்டியும் இல்லை, அத்தையும் இல்லை. ஒடிசாவிலிருந்தும் ஜார்க்கண்டிலிருந்தும் வந்து இரும்பாலைகளில் உழைக்கும் இளைஞர்களுக்கோ நம் மொழியும் இல்லை.

அத்தகைய அறையில் இரவு வேளையில் ஒலித்த பாட்டை வெறும் பொழுதுபோக்கு என்று தள்ளிவிட முடியுமா? 'சித்தி' என்பது உறவுச் சொல். 'மெட்டி' என்பது மணமான பெண்ணின் கால்விரல் அணி. உறவுகளை விட்டு வந்த பெண்ணுக்கு அந்தப் பாட்டு, உறவுகளின் பெயரைச் சொல்லி அழைத்தது. அடுத்த அறையிலும் அதே பாட்டு ஒலிப்பதைக் கேட்டபோது, தன்னைப்போல் இன்னொருத்தி சுவருக்கு அப்பால் இருக்கிறாள் என்ற ஆறுதல் அவளுக்குக் கிடைத்தது. இந்த ஆறுதலைப் பழிக்க நமக்கு மனம் வரவில்லை. அத்தொடர்களின் கதைகளில் பழிவாங்கலும் சூழ்ச்சியும் மலிந்திருந்தன என்பது உண்மையே. அவற்றைப் பற்றிப் பெற்றோர் விழிப்பாயிருப்பது கடமையே. ஆனால் பாட்டு வேறு, கதை வேறு. இல்லங்களைக் கூட்டியது பாட்டு.

திருச்சபை என்ன சொல்கிறது?

பாட்டின் ஆற்றலைத் திருச்சபை என்றும் குறைத்து மதித்ததில்லை. 386-ஆம் ஆண்டில் மிலான் நகரில், பேரரசி யுஸ்தினாவின் கெடுபிடிக்கு அஞ்சாமல் மக்கள் இரவு பகலாகக் கோயிலுக்குள் காவலிருந்தனர். அவர்கள் துயரத்தால் சோர்ந்துபோகாதபடி ஆயர் புனித அம்புரோசியார் பாடல்களைப் பாடச் செய்தார். மறு ஆண்டு அங்கே திருமுழுக்குப் பெற்ற புனித அகுஸ்தீனார், அப்பாடல்களைக் கேட்டுத் தாம் கண்ணீர் சிந்தியதைத் தம் 'ஒப்புரவு' நூலில் நன்றியோடு நினைவுகூர்கிறார். அதே நூலில் வேறோர் எச்சரிக்கையும் தருகிறார்: பாடப்படும் பொருளைவிடப் பாடும் குரலே தம்மை ஈர்த்துவிட்டால் அது தமக்குக் குறையே என்கிறார். உருகவும் வேண்டும், விழிப்பாகவும் இருக்க வேண்டும் என்பதே அப்பெருமகனாரின் நிலை.

இரண்டாம் வத்திக்கான் சங்கம், திருவழிபாட்டைப் பற்றிய கொள்கைத் திரட்டையும் சமூகத் தொடர்புச் சாதனங்களைப் பற்றிய ஆணையையும் ஒரே நாளில், 1963 டிசம்பர் 4-ஆம் நாள் வெளியிட்டது. ஆலயத்துப் பாடலையும் வானொலி தொலைக்காட்சியையும் பற்றித் திருச்சபை ஒரே நாளில் பேசியதை நாம் எண்ணிப் பார்க்கலாம்.

தொலைக்காட்சிக்குப் பாதுகாவலி ஒருவர் உண்டு என்பதை நம்மில் எத்தனை பேர் அறிவோம்? அசிசி நகர் புனித கிளாராவே அவர். 1252-ஆம் ஆண்டுக் கிறிஸ்து பிறப்பு இரவில் நோயால் படுக்கையை விட்டு எழ முடியாமல், மடத்தில் தனியே கிடந்தார். உடன் சகோதரிகள் நள்ளிரவு வழிபாட்டுக்குச் சென்றுவிட்டனர். அப்போது தொலைவில் புனித பிரான்சிஸ் ஆலயத்தில் நடந்த வழிபாட்டின் பாடல்கள் அவர் செவியில் விழுந்தன. குடிலின் காட்சியும் கண்ணில் பட்டது என்று அவருடைய வரலாறு கூறுகிறது. இதை முன்னிட்டே திருத்தந்தை பன்னிரண்டாம் பத்திநாதர் 1950-களின் பிற்பகுதியில் அவரைத் தொலைக்காட்சியின் பாதுகாவலியாக அறிவித்தார். தனித்துக் கிடந்த பெண்ணொருத்திக்குத் தொலைவிலிருந்து பாட்டு வந்து துணைநின்ற கதை அது. நம் ஷிப்டு வீடுகளுக்கு அது அந்நியமான கதையன்று.

அருள்பணியாளர் பேட்ரிக் பெய்ட்டனையும் இங்கே நினைக்க வேண்டும். அயர்லாந்தில் பிறந்து அமெரிக்காவில் பணியாற்றிய இவர், குடும்பச் செபமாலையைப் பரப்புவதையே வாழ்வாகக் கொண்டவர். 1947-இல் அமெரிக்க வானொலியில் வாரந்தோறும் குடும்ப நாடகம் ஒன்றைத் தொடங்கினார். பெயர்பெற்ற திரைப்பட நடிகர்கள் அதில் நடித்தனர். சேர்ந்து செபிக்கும் குடும்பம் சேர்ந்து வாழும் என்னும் கருத்து, அந்நிகழ்ச்சியில் திரும்பத் திரும்ப ஒலித்து உலகெங்கும் பரவிற்று. நாடகத்தை அவர் பகையாக எண்ணவில்லை. செபத்துக்கு அதை வாயிலாக்கினார். 2017-இல் திருச்சபை அவரை வணக்கத்துக்குரியவர் என அறிவித்தது.

சப்பானில் ஒரு துயரப் பாட்டு

கும்மிடிப்பூண்டியிலிருந்து வடக்கே மாநில எல்லையைக் கடந்தால் ஆந்திரத்தின் ஸ்ரீசிட்டி தொழில் நகரம். அங்கே இசுசு, கோபெல்கோ போன்ற சப்பானிய நிறுவனங்களின் ஆலைகள் உள்ளன. நம் பகுதி இளைஞர்களும் அங்கே வேலைக்குச் செல்கின்றனர். சப்பான் இன்று நமக்குத் தொலைதூரத் தேசமன்று. அந்நாட்டிலும் தொலைக்காட்சித் தொடருக்கெனப் பாட்டு எழுதும் வழக்கம் உண்டு. ஆனால் அதைக் கையாளும் முறை வேறு.

2018 ஜனவரி முதல் மார்ச் வரை அங்கே 'அன்நேச்சுரல்' என்னும் தொடர் வெள்ளி இரவுகளில் ஒளிபரப்பாயிற்று. இயற்கைக்கு மாறாக இறந்தவர்களின் உடலை ஆய்ந்து, மரணத்தின் காரணத்தைக் கண்டறியும் மருத்துவர்களின் கதை. அதற்குப் பாட்டெழுதி இசையமைத்துப் பாடியவர் கென்ஷி யோனெஸு என்னும் இளம் கலைஞர். 1991-இல் தொகுஷிமா மாநிலத்தில் பிறந்தவர். பாட்டின் பெயர் 'லெமன்', அதாவது எலுமிச்சை. அவர் அப்பாட்டை எழுதிக்கொண்டிருந்த நாள்களில் அவருடைய பாட்டனார் காலமானார். அந்த இழப்பு பாட்டுக்குள் புகுந்துவிட்டதை அவரே பின்னர் சொன்னார். தொடருக்காக எழுதத் தொடங்கியது, பேரன் பாட்டனுக்குப் பாடும் இரங்கற்பாவாக முடிந்தது. 2018, 2019 என அடுத்தடுத்து இரண்டு ஆண்டுகளிலும் 'பில்போர்டு சப்பான்' அமைப்பின் ஆண்டுப் பட்டியலில் அப்பாட்டே முதலிடம் பெற்றது.

நம் தொடர்களில் பாட்டு முதலில் வரும். கதை பின்னர் வரும். சப்பானியத் தொடர்களிலோ பாட்டைப் பெரும்பாலும் கதை முதிரும் கட்டத்துக்கே ஒதுக்கி வைப்பார்கள். இத்தொடரிலும் இறந்தவர் யார், அவரை நேசித்தவர் யார் என்பது வெளிப்பட்டு, பார்ப்பவர் உள்ளம் கனத்து நிற்கும் வேளையில்தான் அப்பாட்டு மெல்ல எழும்.

2018 டிசம்பர் 31-ஆம் நாள் இரவு, சப்பானியர் குடும்பமாகக் கூடியிருந்து காணும் என்.எச்.கே. இசைவிழாவில் யோனெஸு அப்பாட்டைப் பாடினார். தலைநகர் அரங்குக்கு வராமல், தம் சொந்த மாநிலத்தில் நாருத்தோ நகரிலுள்ள ஓட்சுகா கலைக்கூடத்திலிருந்து பாடினார். உரோமையின் சிஸ்டைன் சிற்றாலயத்தை அதே அளவில் பீங்கான் பலகைகளில் ஓவியங்களோடு அங்கே அமைத்திருக்கிறார்கள். 2025 மே மாதம் திருத்தந்தை பதினான்காம் லியோ தேர்ந்தெடுக்கப்பட்ட சிற்றாலயத்தின் மறுபதிப்பு! மெழுகுவர்த்திகளின் ஒளியில், மிக்கேல் ஆஞ்சலோவின் ஓவியங்களுக்குக் கீழே நின்று ஓர் இளைஞர் இழப்பைப் பாட, நாடே கேட்டது. மக்கள்தொகையில் நூற்றுக்கு ஒருவர்கூடக் கத்தோலிக்கராக இல்லாத நாட்டில் இது நிகழ்ந்தது. துயரத்தைச் சேர்ந்து பாட ஓர் ஆலயம் வேண்டும் என்று மனித உள்ளம் எங்கும் தேடுகிறது போலும்.

அழைக்கும் பாட்டும் பதிலுரைக்கும் பாட்டும்

இவ்விரு முறைகளையும் நாம் திருப்பலியில் ஏற்கெனவே அறிவோம். தொடக்கத்தில் வருகைப் பாடல். அது சிதறி வந்தவர்களை ஒரே குடும்பமாகக் கூட்டுகிறது. முதல் வாசகத்துக்குப் பின் பதிலுரைப் பாடல். கேட்ட இறைவார்த்தைக்கு உள்ளம் தரும் மறுமொழி அது. நம் தொடர்ப் பாட்டு வருகைப் பாடலின் வேலையைச் செய்தது. சப்பானியப் பாட்டு பதிலுரைப் பாடலின் வேலையைச் செய்தது. இல்லத்துக்கு இரண்டும் வேண்டும். கூட்டிச் சேர்க்க ஒன்று வேண்டும். துயரமோ மகிழ்ச்சியோ வந்தால் அதைச் சொல்ல ஒன்று வேண்டும்.

இந்த இரண்டும் தமிழ்க் கத்தோலிக்கர் கையில் இருந்த செல்வங்களே. தவக்காலத்தில் வியாகுலப் பிரசங்கத்தின் நடுநடுவே பாடிய புலம்பல்களைக் கேட்டு ஊரே அழுதிருக்கிறது. மாயூரம் வேதநாயகம் பிள்ளை சமயங்கடந்து எல்லாரும் பாடக் கீர்த்தனைகள் இயற்றினார். இன்னும் பின்னே சென்றால், திருப்பாடல் நூலில் 22-ஆம் பாடலின் தலைப்பில் அதைப் பாட வேண்டிய மெட்டின் பெயரும் குறிக்கப்பட்டிருக்கிறது. 'காலைப் பெண்மான்' என்பது அம்மெட்டு. மக்கள் அறிந்த மெட்டில் இறைவேண்டலை அமைத்துப் பாடும் வழக்கம் அவ்வளவு பழமையானது. சிலுவையில் தொங்கிய நம் ஆண்டவரின் நாவில் வந்ததும் அத்திருப்பாடலின் தொடக்கமே. சாகும் வேளையில் வாய்க்கு வந்தது மனப்பாடமாய் இருந்த பாட்டு.

இன்று எதை இழந்தோம்?

நிற்க. தொடர்ப் பாட்டின் காலமும் இன்று தளர்ந்துவிட்டது. 2020-ஆம் ஆண்டு ஊரடங்கின்போது 'மெட்டி ஒலி' மீண்டும் ஒளிபரப்பானதும், நடுவயதினர் பலர் அந்தப் பாட்டைக் கேட்டு இளமை திரும்பியதுபோல் மகிழ்ந்தனர். ஆனால் அவர்களுடைய பிள்ளைகளுக்கு அப்படி ஒரு பாட்டு இல்லை. இன்று தொடரைக் கைப்பேசியில், வேண்டிய நேரத்தில், வேண்டிய இடத்தில் பார்க்கலாம். முகப்புப் பாடல் வந்தால் அதைத் தாண்டிச் செல்ல ஒரு பொத்தானும் உண்டு. தந்தை ஒரு காட்சி, தாய் ஒரு காட்சி, மகன் ஒரு விளையாட்டு, மகள் ஒரு பாட்டு. காதில் கருவி மாட்டியிருப்பதால் ஒருவர் கேட்பதை மற்றவர் கேட்பதில்லை. ஒரே அறையில் நால்வர் நான்கு ஊரில் இருக்கிறார்கள்.

திருத்தந்தை புனித இரண்டாம் யோவான் பவுல், 2002 அக்டோபர் 16-ஆம் நாள், செபமாலை பற்றிய தம் திருத்தூது மடலை வெளியிட்டார். 'மெட்டி ஒலி' தொடங்கிய அதே ஆண்டு. குடும்பங்கள் கூடிவருவதே அரிதாகிவிட்டது, கூடும் அந்தச் சில வேளைகளையும் தொலைக்காட்சி எடுத்துக்கொள்கிறது என்று அதில் அவர் வருந்தினார். அவர் சொன்ன இரண்டு குறைகளில் முதற்குறையே பெரிது. அன்றைக்குக் கூடியிருக்க ஒரு வேளையாவது இருந்தது. அதை எதற்குப் பயன்படுத்துவது என்பதே கேள்வி. இன்றைக்கு அந்த வேளையே இல்லை. தொடரை ஒழித்துவிட்டால் செபமாலை தானே திரும்பும் என்று நம்பியிருந்தவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். தொடர் தளர்ந்தது, செபமாலை திரும்பவில்லை.

இந்த இழப்பு வெளிப்படும் இடம் துக்க வீடு. நம் பணியில் அடிக்கடி காணும் காட்சி இது. உடலைக் கிடத்தியிருக்கும் இரவில், வயது முதிர்ந்த பெண்கள் நால்வர் ஐவர் நூலைப் பாராமலே பாடுவார்கள். ஒருவர் நிறுத்திய இடத்தில் இன்னொருவர் தொடங்குவார். பேரப்பிள்ளைகளோ செய்வதறியாது ஓரமாக நிற்பார்கள். அவர்களுக்கும் துயரம் உண்டு. அதைச் சொல்ல வாயில் பாட்டு இல்லை. சிறிது நேரத்தில் ஒலிபெருக்கியில் பதிவு செய்த பாட்டை ஓடவிடுவார்கள். வீட்டார் வாய்மூடி அமர்ந்திருப்பார்கள். அந்த மூதாட்டிகளும் ஒவ்வொருவராக விடைபெற்று வருகிறார்கள். அவர்களுக்குப் பின் நம் துக்க வீடுகளில் யார் பாடுவார்? பாட்டனை இழந்த சப்பானிய இளைஞர் தம் துயரத்துக்கு ஒரு பாட்டைக் கண்டுகொண்டார். நம் பிள்ளைகளுக்கோ புதிதாக எழுத வேண்டிய தேவைகூட இல்லை. பாட்டிமார் வாயிலிருந்து வாங்கிக்கொண்டால் போதும். வாங்க வேண்டிய காலம் இப்போதே.

செய்யத்தக்கவை

ஆகவே நம் பங்குக் குடும்பங்களுக்குச் சிலவற்றைப் பரிந்துரைக்கிறோம். இவை எளியவை, செலவில்லாதவை.

ஒவ்வோர் இல்லமும் தனக்கென ஒரு ஞானப் பாடலைத் தேர்ந்துகொள்ளட்டும். மாதாவின் பாடலாகவோ திருஇருதயப் பாடலாகவோ இருக்கலாம். வீட்டிலுள்ள மூத்தவருக்குத் தெரிந்த பாட்டாக இருந்தால் மிக நன்று. தேர்ந்த பாட்டை ஓராண்டுக்கு மாற்றவேண்டாம். "தினமும் இதே பாட்டா?" என்று பிள்ளைகள் முணுமுணுக்கலாம். எண்ணூறு இரவுகள் ஒரே முகப்புப் பாடல் அலுக்கவில்லையே!

நேரத்தை ஷிப்டுக்கு ஏற்ப அமைத்துக்கொள்க. இரவு எட்டு மணிதான் செபவேளை என்று திருச்சபை எங்கும் விதிக்கவில்லை. இரவு ஷிப்டுக்குப் புறப்படுமுன் பிற்பகலிலோ, முதல் ஷிப்டுக்கு எழும் அதிகாலையிலோ, பெரும்பாலோர் வீட்டிலிருக்கும் வேளையைக் குறித்துக்கொள்க. ஷிப்டு மாறும் வாரத்தில் நேரமும் மாறட்டும், பாட்டு மாறவேண்டாம். வெளியூரில் பணிபுரியும் தந்தை கைப்பேசியில் அழைத்துச் சேர்ந்து பாடலாம். பிரிக்கும் கருவியே அப்போது இணைக்கும் கருவியாகும்.

தொடக்கத்தில் செபமாலை ஐம்பத்து மூன்று மணியும் சொல்ல இயலாவிட்டால், ஒரு பாட்டும் ஒரு பத்து மணியும் போதும். பாட்டைத் தொடங்கும் பொறுப்பைக் கடைக்குட்டிப் பிள்ளையிடம் கொடுங்கள். தொடங்கும் குரல் தன்னுடையது என்றறிந்த பிள்ளை நேரத்தை மறக்கவிடாது.

இல்லத்தில் பிறந்தநாள் வந்தால் அதே பாட்டைப் பாடுங்கள். தேர்வுக்குச் செல்லும் காலையிலும் பாடுங்கள். நோயாளியின் அருகில் மெதுவாகப் பாடுங்கள். கூட்டிச் சேர்த்த பாட்டே நாளடைவில் பதிலுரைக்கும் பாட்டாகவும் ஆகும். அன்பியக் கூட்டங்களில் வீட்டுக்கு வீடு தங்கள் பாட்டைப் பாடிக் காட்டலாம். ஒடிசாவிலிருந்தும் ஜார்க்கண்டிலிருந்தும் வந்துள்ள நம் கத்தோலிக்க இளைஞர்களையும் அழைத்து, அவர்கள் தாய்மொழியில் தாய் கற்றுக்கொடுத்த பாட்டைப் பாடச் சொல்லுங்கள். பொருள் புரியாவிட்டாலும் உள்ளம் புரியும்.

தொலைக்காட்சியைத் தெருவில் எறிய நாம் சொல்லவில்லை. நல்ல கதை வந்தால் சேர்ந்து பாருங்கள். பார்த்தபின் அதைப் பற்றிப் பேசுங்கள். அதற்கு முன்னோ பின்னோ ஐந்து நிமிடம் உங்கள் பாட்டுக்கு உரியதாகட்டும்.

கவிஞர் ஒருவர், இசைஞர் ஒருவர், பாடகி ஒருவர் சேர்ந்து ஆக்கிய சில நிமிடப் பாட்டு, தமிழகத்தின் இல்லங்களை ஒவ்வோர் இரவும் கூட்டி வைத்தது. நம் ஆண்டவர், இருவர் மூவர் தம் பெயரால் எங்கே கூடினாலும் அங்கே தாம் இருப்பதாக வாக்களித்திருக்கிறார். கூடுவது நம் பொறுப்பு. இன்றிரவு ஷிப்டுக்குப் புறப்படுமுன், அல்லது ஷிப்டு முடிந்து வீடு திரும்பியபின், உங்கள் வீட்டில் யார் பாட்டைத் தொடங்குவது என்பதை இப்போதே பேசி முடிவு செய்யுங்கள்.